ஜப்பானில் மகள் ஐடலாக விரும்பினால்: கையொப்பத்துக்கு முன்னும் பின்னும் பெற்றோர் பார்க்க வேண்டியவை

ஜப்பானில் வளரும் மகள் பன்னிரண்டு, பதின்மூன்று வயதில் ஐடல் குழு ஒன்றின், அதாவது பாடி ஆடி ரசிகர்களைத் திரட்டும் இளம் மேடைக் குழு ஒன்றின், ஆடிஷன் விண்ணப்பத்தைக் கைபேசியில் காட்டி, பெற்றோர் பெயர் எழுத வேண்டிய கட்டத்தைச் சுட்டும்போது, உடனடி மறுப்போ பெருமிதமான சம்மதமோ வாயில் வந்துவிடுவது இயல்பு. மறுத்த வீட்டில் பிள்ளை பதினெட்டு வயது வரை காத்திருந்து, யாரையும் கேட்காமல் கையொப்பமிடக்கூடும்; 2022 ஏப்ரல் 1 முதல் ஜப்பானியக் குடிமைச் சட்டத்தில் வயதுவந்தோராகும் வயது 20இலிருந்து 18ஆகக் குறைந்துவிட்டதால், அந்த ஒப்பந்தத்தைப் பெற்றோர் சம்மதிக்கவில்லை என்று சொல்லி ரத்துசெய்ய முடியாது. சம்மதித்த வீட்டிலோ, எதற்குச் சம்மதித்தோம் என்பது பல மாதங்கள் கழித்துத்தான் விளங்கும். இரண்டுக்கும் முன்னால் ஒரு மாதம் எடுத்துக்கொண்டு விசாரிக்க விரும்பும் பெற்றோருக்காக, குறிப்பாக ஜப்பானில் குடியிருக்கும் தமிழ்ப் பெற்றோருக்காக, இந்த வழிகாட்டியை எழுதுகிறேன். மகன்களுக்கும் இது அப்படியே பொருந்தும். அதற்கான கசப்பான சான்று பின்னால் வருகிறது.

வருமானம் எங்கிருந்து வருகிறது

ஐடலைப் பாடகி என்று எண்ணிக்கொண்டு விசாரிக்கத் தொடங்கினால் கேள்விகள் தவறான இடத்தில் விழும். 1971இல் தொலைக்காட்சியில் புதுமுகத் தேர்வு நிகழ்ச்சி தொடங்கி, அதன் வழியே வந்த பாடகி மொமோயே யமகுச்சி 1973இல் பதினான்கு வயதில் அறிமுகமான காலத்திலிருந்தே, ரசிகர்கள் விரும்பியது தேர்ந்த கலையை மட்டுமன்று. கண்முன்னே வளரும் ஒரு பிள்ளையின் வளர்ச்சியையும்தான். 2005 டிசம்பரில் டோக்கியோவின் அகிஹபராவில் சொந்த அரங்கோடு தொடங்கிய ஏகேபி48 என்ற பெண்கள் குழு, 'நேரில் சந்திக்கக்கூடிய ஐடல்' என்ற எண்ணத்தை முன்வைத்து, இசைத்தட்டோடு கைகுலுக்கல் சீட்டை இணைத்து விற்றது. அதற்குக் கீழே, 'லைவ் ஹவுஸ்' எனப்படும் சிறிய இசை அரங்குகளில் நிகழ்ச்சி நடத்தும் 'சிகா ஐடல்' எனப்படும் நிலத்தடிக் குழுக்களில் இந்த முறை இன்னும் கூர்மையாகிறது: பல குழுக்கள் பங்கேற்கும் ஒரே மாலையில் ஒவ்வொரு குழுவுக்கும் இருபது, முப்பது நிமிட மேடை, அது முடிந்ததும் ரசிகர்களை நேருக்கு நேர் சந்திக்கும் 'தொகுதென்காய்'. அங்கே ரசிகர் ஆயிரம், இரண்டாயிரம் யென் கொடுத்து 'செக்கி' எனப்படும் உடனடிப் புகைப்படம் எடுத்துக்கொண்டு ஓரிரு நிமிடம் பேசிவிட்டுப் போகிறார். அந்தத் தொகையில் ஒரு பங்கு பெண்ணுக்கு வருகிறது. பல குழுக்களில் அவளுடைய வருமானமே அதுதான்.

ஆகவே இத்துறையில் காசாகும் பொருள் அருகாமை. நடனப் பயிற்சி எப்படி, பாடல் யார் எழுதுகிறார் என்பதைக் காட்டிலும், அந்த அருகாமைக்கு யார் எல்லை வகுக்கிறார், அந்த எல்லை காகிதத்தில் இருக்கிறதா, நிகழ்ச்சி நடக்கும் இரவில் அதை யார் காவல் காக்கிறார் என்பவையே பெற்றோர் கேட்க வேண்டிய கேள்விகள்.

ஒப்பந்தத்தின் பெயரை நம்பாதீர்கள்

குழுவை நடத்தும் நிறுவனத்திடமிருந்து உங்கள் கையில் வரும் தாளில் பெரும்பாலும் 'வேலை ஒப்பந்தம்' என்று இருக்காது. பணி ஒப்படைப்பு ஒப்பந்தம் என்றோ பிரத்தியேக மேலாண்மை ஒப்பந்தம் என்றோ இருக்கும். இது வெறும் சொல் வேறுபாடன்று. ஜப்பானின் தொழிலாளர் தரநிலைச் சட்டம், 1947இல் இயற்றப்பட்ட நாள் முதல், குழந்தைகளின் வேலைக்குக் கடுமையான வரம்புகளை வைத்திருக்கிறது. ஆனால் அவை 'தொழிலாளர்' என்று கருதப்படுபவருக்கே பொருந்தும். 1988 ஜூலையில் தொழிலாளர் அமைச்சகம் ஒரு விளக்கம் வெளியிட்டது. கலைஞரின் இடத்தை வேறொருவரால் நிரப்ப முடியாதபடி அவருடைய தனித்தன்மையும் புகழும் முக்கியமாக இருத்தல், ஊதியம் நேரக் கணக்கில் இல்லாதிருத்தல், ஒத்திகை, ஒளிபரப்பு போன்றவற்றின் கால அட்டவணை தவிர வேறு நேரக் கட்டுப்பாடு இல்லாதிருத்தல், ஒப்பந்தம் வேலை ஒப்பந்தமாக இல்லாதிருத்தல் ஆகிய நான்கும் ஒருங்கே அமைந்தால் அவர் தொழிலாளர் அல்லர் என்றது அது. அப்போது கொடிகட்டிப் பறந்த ஹிகாரு கெஞ்சி என்ற சிறுவர் குழுவின் பெயராலேயே அந்த விளக்கம் இன்றும் வழங்குகிறது. உச்ச நட்சத்திரங்களை மனத்தில் வைத்து எழுதப்பட்ட விதி, முப்பது பேர் பார்க்கும் அரங்கில் ஆடும் பதினைந்து வயதுப் பெண்ணின் மீதும் போர்த்தப்படுவதுதான் இங்கே சிக்கல் என்பது என் கருத்து.

நல்ல வேளையாக, நீதிமன்றங்கள் தாளின் தலைப்பைக் காட்டிலும் நடைமுறையைப் பார்க்கின்றன. குழுவை விட்டு விலகிய ஓர் ஆண் ஐடலிடம், விதிமீறல் ஒன்றுக்கு 20 லட்சம் யென் என்ற கணக்கில் நிறுவனம் அபராதம் கேட்ட வழக்கில், 2023 ஏப்ரலில் ஒசாகா மாவட்ட நீதிமன்றம் அவரைத் தொழிலாளர் என்றே கொண்டு, அபராதத்தை முன்கூட்டியே நிர்ணயிப்பதைத் தடைசெய்யும் தொழிலாளர் தரநிலைச் சட்டத்தின் 16ஆம் பிரிவின்படி அந்த விதி செல்லாது என்றது. எனவே நிறுவனத்தாரிடம் நேராகக் கேளுங்கள்: ஒரு நிகழ்ச்சியை மகள் மறுக்கலாமா? மறுத்தால் என்ன ஆகும்? தாமதமாக வந்தால் பணம் பிடிப்பீர்களா? மாத ஊதியம் நிலையானதா? மறுக்க முடியாது, தாமதத்துக்குப் பணம் பிடிப்போம் என்பது பதிலானால், தலைப்பு எதுவாயினும் அது வேலைதான் என்று வாதிட இடமுண்டு. பதில்களைத் தேதியோடு குறித்துவைத்துக்கொண்டு, அன்றே மின்னஞ்சலில் 'இன்று நீங்கள் சொன்னவை இவை' என்று அனுப்பிவிடுங்கள்.

தொழிலாளர் என்று ஆகும்போது கிடைக்கும் பாதுகாப்பு சிறியதன்று. பதினைந்து வயது நிறைந்தபின் வரும் மார்ச் 31 வரை, அதாவது நடுநிலைப் பள்ளி முடியும் வரை, குழந்தையை வேலைக்கு அமர்த்துவதே பொதுத் தடைக்குள் வரும். விதிவிலக்காக அமர்த்த, தொழிலாளர் தரநிலைக் கண்காணிப்பு அலுவலகத்தின் அனுமதியும், படிப்புக்கு இடையூறில்லை என்ற பள்ளி முதல்வரின் சான்றும், பெற்றோர் சம்மதக் கடிதமும் வேண்டும். பதின்மூன்று வயதுக்கு உட்பட்டோருக்குத் திரைப்படம், மேடை நாடகம் ஆகிய துறைகளில் மட்டுமே இந்த அனுமதி உண்டு. வேலை நேரம் பள்ளி நேரத்தையும் சேர்த்து நாளைக்கு 7 மணி, வாரத்துக்கு 40 மணி. பள்ளியில் ஆறு மணி நேரம் இருந்துவிட்டு வந்த பிள்ளைக்கு அன்று மிஞ்சுவது ஒரு மணி நேரம்தான். இரவு 8 மணிக்கு மேல் வேலை கூடாது. மேடையில் நடிக்கும் குழந்தைகளுக்கு மட்டும் 2005 முதல் அது 9 மணி வரை நீட்டிக்கப்பட்டிருக்கிறது. நடுநிலைப் பள்ளியை முடித்து, 18 வயது நிரம்பாதவர்களுக்கு எல்லை இரவு 10 மணி. தொகுதென்காய், உடை மாற்றல், கணக்கு முடித்தல் எல்லாம் இந்த நேரத்துக்குள் அடங்குகின்றனவா, மேடை மட்டும்தான் கணக்கில் வருகிறதா என்று கேட்டு எழுதி வாங்குங்கள். மேடையை ஏழரைக்கு முடித்துவிட்டு, வரிசையைப் பத்து வரை நீட்டுவது எளிது.

அதே சட்டம் பெற்றோரான நம்மையும் கட்டுப்படுத்துகிறது. பிள்ளைக்குப் பதிலாக நாம் வேலை ஒப்பந்தம் செய்யக் கூடாது என்கிறது 58ஆம் பிரிவு. பிள்ளையின் ஊதியத்தை நாம் வாங்கக் கூடாது என்கிறது 59ஆம் பிரிவு. மகள் பெயரிலேயே வங்கிக் கணக்கு திறந்து, பணம் நேரே அங்கே போகட்டும். பிள்ளைக்குப் பாதகமான வேலை ஒப்பந்தத்தைப் பெற்றோர் எப்போது வேண்டுமானாலும் முறிக்கலாம் என்ற உரிமையும் 58ஆம் பிரிவிலேயே இருக்கிறது. நிறுவனங்கள் இதை எடுத்துச் சொல்லப்போவதில்லை.

உண்மையிலேயே தொழிலாளர் நிலை இல்லை என்றால், 2024 நவம்பர் 1இல் நடைமுறைக்கு வந்த, தனித்தொழில் செய்பவர்களைக் காக்கும் சட்டம் துணைக்கு வரும். ஊழியர்களை வைத்திருக்கும் நிறுவனம் வேலையின் விவரத்தையும் தொகையையும் எழுத்தில் தர வேண்டும். வேலை முடிந்த 60 நாளுக்குள் பணம் தர வேண்டும். துன்புறுத்தல் பற்றிப் புகார் செய்ய ஓர் ஏற்பாட்டை வைத்திருக்க வேண்டும். அந்த ஏற்பாட்டுக்கு யார் பொறுப்பு என்று பெயரோடு கேளுங்கள். மேலாளரின் பெயரையே சொன்னால், மேலாளர் மீது புகார் வந்தால் யாரிடம் போவது என்றும் கேளுங்கள்.

குடும்ப உடனுறை விசாவில் இருக்கும் பிள்ளைகளுக்கு இன்னொரு படி உண்டு. வருமானம் தரும் எந்த வேலைக்கும் குடிவரவு அலுவலகத்தின் தனி அனுமதி வேண்டும். வாரம் 28 மணி நேரத்துக்கான பொது அனுமதி, நேரத்தை அளக்க முடியாத ஒப்படைப்புப் பணிகளுக்குப் போதாமல் போகலாம் என்பதால், ஒப்பந்த நகலோடு அந்த அலுவலகத்துக்கே போய்க் கேட்டுவிடுவது நல்லது. இதில் தவறினால் சிக்கல் குடும்பத்தின் விசா வரைக்கும் வரும்.

பணம் கேட்கும் ஆடிஷன், விலங்கு போடும் விதிகள்

'தேர்வாகிவிட்டீர்கள், ஆனால் முதலில் பயிற்சிக் கட்டணம் செலுத்த வேண்டும்' என்று வரும் அழைப்பு பழைய தந்திரம். விற்ற முறையைப் பொறுத்து 8 அல்லது 20 நாளுக்குள் காரணம் சொல்லாமலே ரத்துசெய்யும் உரிமை கிடைக்கலாம். பெற்றோர் சம்மதமின்றிச் சிறார் செய்த ஒப்பந்தத்தையும் ரத்துசெய்யலாம். நுகர்வோர் உதவி எண் 188.

ஒப்பந்தத்தில் பென்சிலால் கோடிட வேண்டிய விதிகள் நான்கு: அபராதம், காதல் தடை, விலகியபின் வேறெங்கும் பணியாற்றத் தடை, மேடைப்பெயர் உரிமை. காதல் தடையில் நீதிமன்றங்கள் ஒன்றுபோல் பேசவில்லை. 2015 செப்டம்பரில் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம், தடையை மீறியபோது பதினேழு வயதாயிருந்த ஐடல் பெண்ணை ஏறத்தாழ 6.5 லட்சம் யென் இழப்பீடு கொடுக்கச் சொன்னது. நான்கே மாதம் கழித்து, 2016 ஜனவரியில், அதே நீதிமன்றத்தின் வேறொரு தீர்ப்பு, காதலிப்பது மகிழ்ச்சியை நாடும் உரிமையில் அடங்கும் என்று நிறுவனத்தின் கோரிக்கையைத் தள்ளியது. எந்த நீதிபதி கிடைப்பார் என்பதை நம்பிக் கையொப்பமிட முடியாது; அந்த விதியையே அடித்துவிடச் சொல்லுங்கள், குறைந்தது பண அபராதத்தையாவது நீக்கச் சொல்லுங்கள். மேடைப்பெயர் விஷயத்தில், ஒப்பந்தம் முடிந்த பிறகும் நிறுவனத்தின் அனுமதி வேண்டும் என்ற விதி செல்லாது என்று 2022 டிசம்பரில் பாடகி ரினா ஐயுச்சியின் வழக்கில் டோக்கியோ மாவட்ட நீதிமன்றம் கூறியிருப்பதைச் சுட்டிக்காட்டலாம்.

வரிசையில் நீங்களே ஒருமுறை நில்லுங்கள்

கையொப்பமிடும் முன், அந்தக் குழுவின் நிகழ்ச்சிக்குச் சாதாரண ரசிகரைப் போலச் சீட்டு வாங்கிக்கொண்டு போங்கள். மேடையைப் பாருங்கள், ஆனால் முக்கியமாக அதன்பின் நடப்பதைப் பாருங்கள். ஒரு செக்கிச் சீட்டு வாங்கி, வரிசையில் நின்று, உங்கள் மகள் வயதுள்ள ஒரு பெண்ணின் முன்னால் உங்கள் முறை வரும் வரை கவனியுங்கள். நேரம் முடிந்ததும் ரசிகரை நகர்த்திவிடும் பணியாளரை அங்கே 'ஹகாஷி' என்பார்கள். உரித்தெடுப்பவர் என்று பொருள். அவர் பெண்ணின் பக்கத்தில் நின்று கையையும் முகத்தையும் கவனிக்கிறாரா, கைபேசியில் நேரத்தை மட்டும் பார்த்துக்கொண்டிருக்கிறாரா? தொடக் கூடாது என்ற விதி எழுதி ஒட்டப்பட்டிருக்கிறதா? யாரேனும் அதை மீறினால், அவர் நிறையச் செலவழிக்கும் வாடிக்கையாளர் என்பதற்காகக் கண்டுகொள்ளாமல் விடுகிறார்களா? இறுதிக் கேள்விதான் குழுவின் தரத்தைக் காட்டிவிடும். நீண்ட வரிசை உள்ள பெண்ணுக்குக் காசும் மதிப்பும் கூடும் அமைப்பில், விதியை மீறும் ரசிகரை விலக்கினால் அவளுக்கே நட்டம். அந்தச் சுமையைப் பதினான்கு வயதுப் பெண்ணின் தலையில் வைக்காமல், நுழைவுத் தடை விதிக்கும் முடிவைப் பெரியவர்கள் எடுக்கிறார்களா என்று பாருங்கள்.

ரசிகரோடு வெளியே சாப்பிடப் போதல், காரில் போதல், தனியறையில் சந்தித்தல் ஆகியவை ரசிகருக்கு விற்கும் சலுகைகளின் பட்டியலில் இருந்தால் அதற்கு மேல் விசாரிக்க வேண்டியதில்லை, வீட்டுக்குத் திரும்பிவிடலாம்.

2014 மே மாதம் இவாத்தே மாகாணத்தின் தகிசாவாவில் நடந்த ஏகேபி48இன் கைகுலுக்கல் நிகழ்ச்சியில், ஒருவர் ரம்பத்தால் இரண்டு உறுப்பினர்களையும் ஒரு பணியாளரையும் தாக்கினார். அதன்பின் பெரிய குழுக்களில் பைச் சோதனையும் உலோகச் சோதனையும் வந்தன. சிறிய அரங்குகளில் எது இருக்கிறது என்பதை நுழையும்போதே அறிந்துகொள்வீர்கள். நிகழ்ச்சி முடிந்தபின் வெளியே சற்று நின்று, உறுப்பினர்கள் எந்த வாசல் வழியே போகிறார்கள், ரயில் நிலையம் வரை பெரியவர் யாரேனும் உடன் செல்கிறார்களா என்பதையும் பாருங்கள். மகள் சேர்ந்த பிறகு, திரும்பும் வழியில் உடன் செல்லும் ஆளைக் கடைசி வரை நீங்களே ஏற்பாடு செய்வதுதான் உறுதியானது.

கைபேசி

2019இல், ஓர் ஐடல் வெளியிட்ட படத்தில் அவருடைய கண்மணியில் தெரிந்த ரயில் நிலையக் காட்சியைப் பெரிதாக்கி, இணைய வரைபடத்தின் தெருப் படங்களோடு ஒப்பிட்டு, அவர் குடியிருப்பைக் கண்டுபிடித்துத் தாக்கிய ஒருவர் கைதானார். ஜன்னல் காட்சி, நிலையத்தின் அறிவிப்பு ஒலி, பள்ளிச் சீருடையின் கழுத்துப்பட்டி, தினமும் ஒரே நேரத்தில் வரும் பதிவு ஆகிய ஒவ்வொன்றும் முகவரியின் ஒரு துண்டு. இருக்கும் இடத்தைக் காட்டும் படத்தை, அங்கிருந்து கிளம்பிப் பல மணி நேரம் கழித்தே பதிவிடுவது என்று வீட்டில் விதி வையுங்கள். தனிச்செய்திகளைப் பெறும் வசதியை மூடிவைக்கச் சொல்லுங்கள், அல்லது அவற்றை நிறுவனத்தின் பெரியவர் ஒருவரும் நீங்களும் சேர்ந்து படிக்க வேண்டும்.

2016 மே மாதம் டோக்கியோவின் கொகனேயில், மேடையிலும் பாடிவந்த கல்லூரி மாணவி ஒருவர் ரசிகரால் கத்தியால் குத்தப்பட்டுப் படுகாயமடைந்தார். அதற்கு முன் அவர் சமூக ஊடகத்தில் வந்த தொல்லை பற்றிக் காவல்துறையை அணுகியிருந்தார். ஆனால் அன்றைய பின்தொடர்தல் தடுப்புச் சட்டத்தில் சமூக ஊடகச் செய்திகள் சேர்க்கப்பட்டிருக்கவில்லை. அதே ஆண்டு டிசம்பரில் சட்டம் திருத்தப்பட்டு அவை சேர்க்கப்பட்டன. 2021 திருத்தம் இருப்பிடங்காட்டிக் கருவிகளையும் சேர்த்தது. ஆகவே தொல்லை தரும் செய்தியை அழிக்காதீர்கள், பதிலும் எழுதாதீர்கள். அனுப்பியவரின் கணக்கும் தேதியும் தெரியும்படி படமெடுத்து வையுங்கள். பரிசு திருப்பிக் கேட்டல், 'உன்னால் நான் செலவழித்தேன்' என்ற பேச்சு, வீட்டுப் பக்கத்தின் படம் ஆகியவற்றில் ஏதேனும் ஒன்று வந்தால் அன்றே காவல் நிலையத்துக்குப் போய் எச்சரிக்கையோ தடை உத்தரவோ கேளுங்கள். அவசரமில்லாத ஆலோசனைக்குக் காவல்துறையின் #9110 எண் உண்டு; அவசரத்துக்கு 110.

மூடிய கதவுகள்

ரசிகரைக் காட்டிலும் கடினமானது உள்ளே இருக்கும் ஆபத்து. சிறுவர் குழுக்களை உருவாக்கிப் பெரும் செல்வாக்குப் பெற்றிருந்த ஜானி கிதகாவா, பயிற்சிச் சிறுவர்களைப் பாலியல் வன்முறைக்கு உள்ளாக்கியதை 1999இல் ஒரு வார இதழ் தொடராக எழுதியது. அந்தச் செய்தியின் முக்கியப் பகுதி உண்மை என்று 2003இல் டோக்கியோ உயர் நீதிமன்றம் ஏற்றது. 2004இல் அது இறுதியானது. அதன் பிறகும் தொலைக்காட்சிகளும் நாளிதழ்களும் பெரும்பாலும் மௌனம் காத்தன. 2019இல் அவர் இறந்து, 2023 மார்ச்சில் பிபிசி ஆவணப்படம் வந்து, பாதிக்கப்பட்டவர்கள் முகம் காட்டிப் பேசிய பின்னரே, அந்த ஆகஸ்டில் முன்னாள் தலைமை வழக்குத்தொடுநர் தலைமையிலான குழு, குறைந்தது சில நூறு பேர் பாதிக்கப்பட்டனர் என்று அறிக்கை தந்தது. கிதகாவாவின் நிறுவனம் செப்டம்பரில் ஒப்புக்கொண்டு, அக்டோபரில் பெயரையும் மாற்றிக்கொண்டது. இதை எண்ணும்போதெல்லாம் 2003க்கும் 2023க்கும் இடையில் பிள்ளைகளை அங்கே அனுப்பிய பெற்றோர்தான் எனக்கு நினைவுக்கு வருகிறார்கள். தீர்ப்பு பொதுவெளியில் இருந்தது, நிறுவனத்தின் பெயரோ அதைவிடப் பெரியதாக இருந்தது.

அந்தக் கொடுமைகளில் பல, சிறுவர்கள் இரவு தங்கிய விடுதியிலும் வீட்டிலும் நடந்தன. எனவே மேலாளர், தயாரிப்பாளர், பயிற்றுநர் எவருடைய வீட்டிலும் தங்கல் இல்லை என்பதை ஒப்பந்தத்தின் இணைப்பாக எழுதுங்கள். வெளியூர் நிகழ்ச்சி என்றால் பெற்றோர் ஒருவர் உடன் வரும் உரிமையும், அறைப் பங்கீட்டை முன்கூட்டியே அறியும் உரிமையும் வேண்டும். தனிப்பட்ட பயிற்சி கதவு திறந்த அறையில் மட்டும். படப்பிடிப்புக்கு முன் உடைகளின் பட்டியலைக் காட்டச் சொல்லுங்கள்; நீச்சலுடைப் படம் எதையும் மறுக்கலாம், மறுத்ததற்காக எந்த இழப்பும் நேராது என்று எழுதி வாங்குங்கள். சிறாரின் ஆபாசப் படங்களை வைத்திருப்பதே 2014 சட்டத் திருத்தத்திலிருந்து குற்றம். பாலியல் சம்மத வயதும் 2023 ஜூலையில் 13இலிருந்து 16ஆக உயர்ந்திருக்கிறது. ஆயினும் குழந்தை வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் பெற்றோர், காப்பாளர் செய்யும் கொடுமையையே வரையறுக்கிறது. நிறுவனத்தார் செய்வது அதன் வரையறைக்குள் வராது. பாலியல் வன்முறை ஆலோசனைக்கு #8891, குழந்தை நல மையத்துக்கு 189. இந்த எண்களை உங்கள் கைபேசியில் மட்டுமன்றி மகளின் கைபேசியிலும் பதிந்துவையுங்கள். சில செய்திகளைப் பிள்ளைகள் பெற்றோரிடம் முதலில் சொல்வதில்லை.

விலகும் நாள்

ஐடல் குழுவை விட்டுப் போவதைப் 'பட்டம் பெறுதல்' என்று இனிமையாகச் சொல்வார்கள். விலக விரும்பும் பெண்ணை, கடைசி நிகழ்ச்சியின் சீட்டு விற்பனைக்காக மாதக்கணக்கில் தள்ளிப்போடச் சொல்வதும் நடக்கும். விலகல் கடிதத்தைப் பதிவுத் தபாலில், எழுதியது என்ன என்பதற்குத் தபால் துறையே தரும் உள்ளடக்கச் சான்றோடு அனுப்புங்கள். அபராதம் என்ற மிரட்டல் வந்தால் பதில் சொல்லுமுன், சுகாதார, தொழிலாளர் நல அமைச்சகத்தின் ஏற்பாட்டில் வழக்குரைஞர்கள் இலவசமாக ஆலோசனை தரும் 'ஃபிரீலான்ஸ் டிரபுள் 110'ஐயோ, அரசின் சட்ட உதவி அமைப்பான 'ஹோதெரசு'வையோ கேளுங்கள். பல மொழிகளில் பேச ஹோதெரசுவில் ஏற்பாடு இருக்கிறது. சமூக ஊடகக் கணக்கின் கடவுச்சொல் யாரிடம் போகும், விற்காமல் இருக்கும் படங்களும் இசைத்தட்டுகளும் எந்தத் தேதிக்குப் பிறகு விற்பனையிலிருந்து எடுக்கப்படும், வரவேண்டிய செக்கிப் பங்கு எப்போது தீரும் என்ற மூன்றுக்கும் எழுத்தில் பதில் வந்த பிறகே கடைசித் தாளில் மகள் கையொப்பமிடட்டும்.